இரண்டு கையெழுத்துகள்

கணவன் தொழிலுக்குக் கடன் வாங்குகிறான். வீடு மனைவியின் பெயரில் இருக்கிறது. “இங்கே ஒரு கையெழுத்துப் போடும்மா” என்கிறார்கள். போடுகிறாள். ஜாமீன்தாரர் ஆகிவிடுகிறாள். 1872-ஆம் ஆண்டின் ஒப்பந்தச் சட்டப்படி, ஒப்பந்தத்தில் வேறுவிதமாகச் சொல்லியிருந்தாலன்றி, கடனாளியின் பொறுப்பு எவ்வளவோ அவ்வளவும் அவள் பொறுப்பு.

தவணை நின்றதும் 2002-ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டம் வருகிறது. 60 நாள் கெடு வைத்து நோட்டீஸ், பிறகு சுவாதீன அறிவிப்பு, அதன்பின் ஏலம். அவள் வழக்குப் போடுகிறாள். கேட்பது இதுதான்: படித்துக் காட்டாமல், விளக்காமல், மறுக்க வழியில்லாத வீட்டுக்குள் வைத்து வாங்கிய கையெழுத்து என் சம்மதம் ஆகுமா?

வழக்கு வாய்தா வாய்தாவாகத் தள்ளிப்போகிறது. ஏலத் தேதியோ நெருங்கிக்கொண்டே வருகிறது. நகைகளை விற்று, அண்ணனிடம் கைமாற்று வாங்கி, ஒரே தவணையில் கணக்கை முடிக்கிறாள். வழக்கைத் திரும்பப் பெறுவதாகவும் பல நேரம் எழுதித் தரவேண்டியிருக்கிறது. அது இரண்டாவது கையெழுத்து. கடன் தீர்ந்ததால் மனு பயனற்றுப்போனது என்று நீதிமன்றம் முடித்துவைக்கிறது.

நீதிமன்றத்தின் பக்கமும் நியாயம் உண்டு. உயிரோடு இல்லாத தகராறுக்குத் தீர்ப்பு எழுதினால், காத்திருக்கும் வேறொருத்தியின் நேரம்தான் வீணாகும். ஆனால் இங்கே தகராறு செத்துவிட்டதா? பணத்தைப் பற்றியது முடிந்தது. சம்மதத்தைப் பற்றியது அப்படியே கிடக்கிறது. முதல் கையெழுத்தைப் பழக்கம் வாங்கியது, இரண்டாவதை அச்சம் வாங்கியது. இரண்டையும் சட்டம் சம்மதம் என்றே வாசிக்கிறது.

அமெரிக்க உச்ச நீதிமன்றம் இதே முடிச்சை 1973-இல் ரோ வழக்கில் சந்தித்தது. கருக்கலைப்பு உரிமை கேட்டு 1970-இல் வழக்குத் தொடுத்த பெண், தீர்ப்பு வரும்போது கர்ப்பிணியாக இல்லை. ஆனாலும் கேள்வி காலாவதியாகவில்லை என்றது நீதிமன்றம். கர்ப்பம் எப்போதும் மேல்முறையீட்டைவிடச் சீக்கிரம் முடிந்துவிடும். அதைக் காரணம் காட்டினால் எந்தப் பெண்ணுக்கும் ஒருபோதும் பதில் கிடைக்காது என்பதே அதன் வாதம். ரோ வழங்கிய உரிமை 2022-இல் பறிக்கப்பட்டது. காலம் பற்றிய அந்த வாதத்தின் நியாயம் குறையவில்லை.

ஏலமும் அப்படித்தான். இழக்க ஒரே வீடு உள்ளவள் தீர்ப்பு வரும்வரை தாங்கமாட்டாள். காத்திருக்க வசதி உள்ளவர்களின் கேள்விகளே பதில் வரை போய்ச் சேர்கின்றன.

சீதனமாக வந்த நகை மனைவிக்கே சொந்தம் என்று 1985-இல் பிரதிபா ராணி வழக்கில் நம் உச்ச நீதிமன்றம் சொன்னது. அந்த நகையை விற்றுத்தான் கணவனின் கடன் அடைகிறது. பத்திரம் வீடு திரும்பிவிட்டது, சரி. அவளை யாராவது கேட்டார்களா என்ற கேள்விக்கு அடுத்த வாய்தா எப்போது?