முடிவை மாற்றி எழுதுதல்

கொடுமைக்குள்ளானவன் தோற்று நிற்கும் கதையை வாசகர் தாமே திருத்தி, கொடுமை செய்தவன் வீழ்வதாக முடித்துக்கொள்ளும் வழக்கம் இக்கால இளைஞர்களிடையே காணப்படுகின்றது. இதனைச் சிறுபிள்ளை விளையாட்டென்று ஒதுக்குதல் பொருந்தாது. சேக்ஸ்பியரின் லியர் மன்னன் நாடகத்திற் குற்றமற்ற கோர்டீலியா இறப்பதைப் பொறுக்கமாட்டாத நாகும் ரேற் என்பார், 1681இல் அவளை உயிரோடு வைத்து மணமும் முடித்துவைத்தார். ஆங்கில அரங்கு ஏறத்தாழ ஒன்றரை நூற்றாண்டுக் காலம் அம்முடிவையே விரும்பிற்று. ஆயின், மாற்றிய முடிவினால் ஆறுதலடைபவர் யார் என்னும் வினா எஞ்சியே நிற்கின்றது.

வைகாசி மாதத்தில் ஆனையிறவைக் கடந்து வன்னிக்குட் புகுவோருட் பலர் வற்றாப்பளையை நோக்கிச் செல்வர். நந்திக்கடலோரத்துக் கண்ணகி அம்மன் கோயிற் பொங்கல் அத்துணைப் பெயர்பெற்றது. சிலப்பதிகாரத்திற் பாண்டியன் அரியணையிலேயே உயிர்விடுகின்றான், மதுரை எரிகின்றது. பழிக்குப் பழி என்ற அளவில் இதற்குமேல் எவர்தாம் கேட்க இயலும்? வன்னி மக்களுக்கோ அது போதவில்லை. அவர்கள் கதையை நீட்டினர். மதுரையை எரித்தவள் ஈழத்துக்கு வந்து பத்தாவதாகத் தங்கிய பளையே வற்றாப்பளை என்றனர். கிழவி வடிவிற் பசியோடு வந்தவளுக்கு மாடு மேய்த்த சிறுவர் பாற்புக்கை பொங்கிக் கொடுத்தனராம். எண்ணெய் இல்லாமையால் அவள் சொற்படி கடல்நீரில் விளக்கேற்றினராம். தலை கடிக்கின்றது என்றபோது பேன் பார்த்தனராம். அங்கே ஆயிரங் கண்களைக் கண்டனராம். இம்முடிவிற் பாண்டியனுக்கு இடமேயில்லை. எரிந்து வந்தவளின் பசியும் தலைக்கடியுமே கவனிக்கப்படுகின்றன. மட்டக்களப்பில் அவளைத் தணிவிக்கும் சடங்கிற்குக் குளிர்த்தி என்றே பெயர்.

இக்கால மாற்று முடிவுகளிற் பெரும்பாலானவை கொடியவன் எவ்வாறு விழுந்தான், எத்தனைபேர் சிரித்தனர் என்பதையே விரிக்கின்றன. நொந்தவன் அதன்பின் உண்டானா, உறங்கினானா என்று எழுதுவாரில்லை.

பல்கலைக்கழகத்தில் இருப்போர் இதனை எளிதில் உணர்வர். பகிடிவதையைத் தடைசெய்யும் 20ஆம் இலக்கச் சட்டம் 1998இல் இயற்றப்பட்டது, வதை ஒழிந்துவிடவில்லை. காரணங்கள் பலவாயினும் ஒன்றை மறுத்தற்கில்லை. முதலாம் வருடத்தில் தலைகுனிந்து நின்றவன், தன் கதைக்கு நிறைவான முடிவொன்றை இரண்டாம் வருடத்தில் எழுத விழைகின்றான். தன்னை வதைத்தவன் கைக்கெட்டாத உயரத்தில் இருக்கின்றான். ஆகையாற் புதிதாக வந்த பிள்ளையின்மீது எழுதுகின்றான். அதற்கு மரபு என்று பெயரும் இட்டுவிடுகின்றான்!

மனத்தினால் அடித்துவிட்டாற் கையினால் அடிக்கத் தேவையில்லை என்று வாதிடுவோர் உளர். தனித்திருந்து அழுபவனுக்கு அக்கற்பனை ஓரிரவைக் கடக்க உதவலாம்; அதனை அவனிடமிருந்து பறிக்க எவருக்கும் உரிமையில்லை. அருகில் நின்று பார்த்தவர்கள் அதே கற்பனையால் நிறைவடைவது வேறு. அவர்களுக்குச் செய்வதற்கு வேலை இருந்தது. விடுதியில் அன்றிரவு உண்ணாமற் படுத்தவனின் கதவைத் தட்டிச் சோற்றுப் பொதியொன்றைக் கொடுத்திருக்கலாம். மறுநாள் அவன் முறைப்பாடு எழுதுகையிற் சாட்சியாகத் தம் பெயரையும் எழுதியிருக்கலாம்.