பிடிக்காத படம்

உங்களுக்குச் சுத்தமாகப் பிடிக்காத படத்துக்குத் தடை விழுந்தால், உள்ளுக்குள் ஒரு அற்ப சந்தோஷம் வருமா, வராதா? எனக்கு வரும். சிக்கலே அங்கேதான்.

'ஒரே ஒரு கிராமத்திலே' படம் சாதி அடிப்படையிலான இட ஒதுக்கீட்டை விமர்சித்தது. தணிக்கைக் குழு 'யு' கொடுத்தது. சென்னை உயர் நீதிமன்றம் அதை ரத்து செய்தது. 1989-ல் உச்ச நீதிமன்றம் மாற்றித் தீர்ப்பு சொன்னது: கலவர மிரட்டலுக்குப் பயந்து கருத்துரிமையை நசுக்கக் கூடாது, பாதுகாப்புக் கொடுக்க வேண்டியது அரசின் கடமை.

நான் இட ஒதுக்கீடு வேண்டும் என்கிற கட்சி. படத்தோடு எனக்கு ஒத்துப்போகாது. ஆனாலும் தீர்ப்பு சரிங்க. இந்தக் கல்லுக்குப் பயந்து படப்பெட்டியை மூடினால், அடுத்த கல் எனக்குப் பிடித்த படத்தின் மேல் விழும். பி.காம். படித்தவனுக்கு இந்தக் கணக்குகூடவா தெரியாது?