மாதக் கணக்கும் மானக் கணக்கும்

அண்மையில் நண்பர் ஒருவரின் புதுமனை புகுவிழாவுக்குச் சென்றிருந்தோம். வாயிலில் வாழை, கூடத்தில் உற்றார், அடுக்களையில் பால் பொங்கும் மணம். சுவரிலே சுண்ணாம்பு ஈரம் உலரவில்லை. நண்பரின் முகத்திலோ வாழ்நாள் எண்ணம் ஈடேறிய பூரிப்பு. வந்திருந்த முதியவர் ஒருவர் கேட்டார்: “கடன் எவ்வளவு, தம்பி?”

“முப்பது இலட்சம், ஐயா.”

“வட்டி?”

“ஒன்பது விழுக்காடு. இருபது ஆண்டு.”

“அப்படியானால் கடன் தீரும்போது மொத்தம் எவ்வளவு கட்டியிருப்பாய்?”

நண்பர் ஒரு நொடி திகைத்தார். பிறகு, “மாதம் இருபத்தேழாயிரம்தான், ஐயா” என்றார்.

கேட்கப்பட்டது மொத்தம், வந்த விடையோ மாதம்! நண்பர் படித்தவர், பட்டம் பெற்றவர். கத்தரிக்காய் வாங்கினாலும் கணக்குப் பார்ப்பவர். எனினும், வாழ்நாளில் செய்த ஆகப் பெரிய வாணிபத்தின் முழு விலை அவருக்குத் தெரியவில்லை. சொல்ல வேண்டியவர்கள் சொல்லவில்லை. கேட்க வேண்டியவரும் கேட்கவில்லை. அந்த விடையைச் சுமந்துகொண்டே வீடு திரும்பினோம். அதன் விளைவே இக்கட்டுரை.

முதலில் ஒன்றைத் தெளிவாக்கி விடுகிறோம். சொந்த வீடு வேண்டும் என்ற எண்ணத்தை ஏளனம் செய்ய நாம் எழுதவில்லை. அந்த எண்ணத்துக்குப் பின்னே ஆசை மட்டுமல்ல, ஆறாத புண்ணும் இருக்கிறது. வாடகைக்கு வீடு தேடிச் சென்றவனிடம், “நீங்கள் என்ன ஆட்கள்?” என்று கேட்கும் தெருக்கள் நம் நாட்டில் இன்றும் உண்டு. இறைச்சி சமைப்பீர்களா என்று கேட்டுக் கதவைச் சாத்துவோர் உண்டு. அப்படிச் சாத்தப்பட்ட கதவுகளைக் கண்டு வந்தவனுக்குச் சொந்தக் கதவு என்பது மரமும் தாழ்ப்பாளும் மட்டுமா? அது மானம்! அதனால்தான் இந்தக் கேள்வியை நாம் எழுப்புகிறோம்: மானத்துக்காக வாங்கிய வீடு, அந்த மானத்தையே அடகு கேட்குமானால் என் செய்வது?

கணக்கைப் பார்ப்போம், தோழர்களே. கணக்குக்குக் கட்சி இல்லை, சாதி இல்லை, கருணையும் இல்லை.

30 இலட்சம் ரூபாய்க் கடன், ஆண்டுக்கு 9 விழுக்காடு வட்டி, 20 ஆண்டு. மாதத் தவணை, அதாவது ஊரார் இ.எம்.ஐ. என்று சொல்வது, ரூ. 26,992. இருபது ஆண்டில் 240 தவணை. பெருக்கிப் பாருங்கள்: ஏறத்தாழ ரூ. 64,78,000. வாங்கியது முப்பது, வட்டி மட்டும் முப்பத்து நான்கே முக்கால் இலட்சத்துக்கு மேல். ஒரு வீட்டைத் தனக்கும், இன்னொரு வீட்டின் விலையைக் கடன் கொடுத்தவருக்கும் கட்டித் தருகிறான் கடன்காரன்.

இன்னும் உள்ளே செல்வோம். முதல் மாதம் கட்டும் ரூ. 26,992 இல் ரூ. 22,500 வட்டிக்குப் போகிறது. அசலில் கழிவது ரூ. 4,492 மட்டும். அசல் குறையக் குறையத்தான் வட்டி குறையும். தொடக்கத்தில் அசல் மலைபோல் நிற்பதால் தவணையின் பெரும்பகுதியை வட்டி விழுங்கிவிடுகிறது. பத்து ஆண்டுகள் ஒரு மாதமும் தவறாமல் கட்டியவன் ரூ. 32 இலட்சத்துக்கு மேல் செலுத்தியிருப்பான். வாங்கிய தொகையைவிட அதிகம்! “பாதிக் காலம் கடந்தது, பாதிக் கடன் தீர்ந்தது” என்றுதானே எண்ணுவான்? மீதி எவ்வளவு தெரியுமா? ரூ. 21,30,000க்கும் சற்று மேல். பத்தாண்டு உழைப்பில் அசலிலே கரைந்தது எட்டே முக்கால் இலட்சத்துக்கும் குறைவு.

“மாதச் சுமை குறைய வேண்டுமா? முப்பது ஆண்டாக்கிக் கொள்ளுங்கள்” என்று கனிவோடு கூறுவார்கள். கனிவின் விலை என்ன? தவணை ரூ. 24,139 ஆகிறது, மாதம் ரூ. 2,853 குறைகிறது. மொத்தமோ ஏறத்தாழ ரூ. 86,90,000 ஆகிறது. மாதம் மூவாயிரத்துக்கும் குறைந்த இளைப்பாறுதலுக்காக இருபத்திரண்டு இலட்சம் கூடுதல்! அதே கடனைப் பதினைந்து ஆண்டில் தீர்ப்பவனுக்குத் தவணை ரூ. 30,428, மொத்தம் ஏறத்தாழ ரூ. 54,77,000. காலம் என்பது இலவசமாகக் கிடைப்பதன்று. கடனில் ஒவ்வோர் ஆண்டுக்கும் விலை உண்டு.

அதோடு முடிந்ததா? இல்லை. வட்டி விகிதம் அசையாத கல்லும் அன்று. பெரும்பாலான வீட்டுக் கடன்கள் மாறும் வட்டியில் தரப்படுகின்றன. ரிசர்வ் வங்கி தன் ரெப்போ விகிதத்தை 2022 மே மாதத்தில் உயர்த்தத் தொடங்கி, 4 விழுக்காட்டிலிருந்து 2023 பிப்ரவரிக்குள் 6.5 ஆக்கியது. 7 விழுக்காட்டில் 30 இலட்சம் கடனுக்கு இருபதாண்டுத் தவணை ரூ. 23,259. அதே 30 இலட்சத்துக்கு 9.5 விழுக்காட்டில் ஒரு மாத வட்டி மட்டும் ரூ. 23,750! பழைய தவணை வட்டிக்கே போதாது. கடன் வாங்கியவன் ஒரு தவறும் செய்யவில்லை. எங்கோ ஒரு கூட்டத்தில் ஒரு முடிவு எடுக்கப்பட்டது. இங்கே ஒரு குடும்பத்தின் கடன் ஆண்டுக்கணக்கில் நீண்டது. 2025 இல் விகிதம் குறைக்கப்பட்டது உண்மை. ஆனால், ஏறுவதும் இறங்குவதும் நம் கையில் இல்லை என்பதும் அதே அளவு உண்மை.

எதிர்வாதம் உண்டு. அதையும் கேட்பதே பகுத்தறிவு.

“வாடகை கொடுத்தால் அது வீண்தானே?” என்பார்கள். வாடகை வீட்டுக்காரரிடம் போகிறது; வட்டி வங்கியிடம் போகிறது. இரண்டுமே திரும்பி வருவதில்லை. அதே வீட்டுக்கு என்ன வாடகை என்று அக்கம்பக்கத்தில் விசாரியுங்கள். அதை முதல் மாத வட்டியான ரூ. 22,500க்குப் பக்கத்தில் வையுங்கள். பிறகு எது வீண் என்று முடிவு செய்யுங்கள்.

“இருபது ஆண்டுக்குப் பின் பணத்தின் மதிப்புக் குறைந்துவிடும், இன்று பாரமான தவணை நாளை இலேசாகும்” என்பார்கள். இதில் உண்மை இருக்கிறது. ஆனால், சம்பளம் உயர்ந்தால்தான் தவணை இலேசாகும். வேலை நிலைக்க வேண்டும், உடல் நலிவடையாதிருக்க வேண்டும், வீட்டில் எவரும் நோயில் விழாதிருக்க வேண்டும். இத்தனை ‘வேண்டும்’களின் மேல் கட்டப்பட்ட வீடு அது.

“வங்கி என்ன கொள்ளைக்காரனா?” என்பார்கள். இல்லை. வங்கி தரும் பணம், நம் தந்தையரும் தாயரும் வைப்பாகப் போட்ட பணம். அவர்களுக்கும் வட்டி தர வேண்டும். மூன்று வட்டிக்கும் நான்கு வட்டிக்கும் குடியானவனின் நிலத்தை விழுங்கிய பழைய லேவாதேவிக்காரரோடு அதை ஒன்றாக்குவது நேர்மையாகாது. வங்கியைத் திட்டுவது எளிது. நம் கணக்கை நாமே போடுவது கடினம். கடினமானதைத்தான் செய்யச் சொல்கிறோம்.

ஆனால், கடனுக்கு ஓர் எல்லை வேண்டும் என்ற எண்ணம் இந்த மண்ணுக்குப் புதிதன்று. 1938 இல் சென்னை மாகாணத்தில் விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம் வந்தது. கொண்டுவந்தது, அதே ஆண்டு பள்ளிகளில் இந்தியைத் திணித்த ஆச்சாரியார் அமைச்சரவைதான். மொழியில் அவர்களை எதிர்த்தோம். அதற்காக நல்ல சட்டத்தை மறைக்க வேண்டியதில்லை. பழைய கடன்களில், அசலைப்போல் இரு மடங்கை அசலாகவோ வட்டியாகவோ உழவன் ஏற்கெனவே செலுத்தியிருந்தால், கடன் முழுதும் தீர்ந்தது என்றது அச்சட்டம். இரு மடங்கு போதும்! நம் நண்பர் இருபது ஆண்டில் கட்டப்போவதோ இரு மடங்குக்கும் மேல். அந்தச் சட்டம் இன்றைய வீட்டுக் கடனுக்குப் பொருந்தாது. பொருத்த வேண்டும் என்றும் நாம் கூறவில்லை. ஆனால், அதன் அடியில் இருந்த கேள்வி இன்றும் உயிரோடு இருக்கிறது: ஒரு மனிதனின் நாளையில் எவ்வளவு பங்கை இன்னொருவர் கேட்கலாம்?

இங்கேதான் கணக்கு அறமாகிறது.

முப்பது வயது இளைஞன் கையெழுத்திடுகிறான். கட்டப்போகிறவன் யார்? நாற்பது வயதில் அவன்; ஐம்பது வயதில் அவன். அந்த ஐம்பது வயது மனிதனை இவன் கண்டதில்லை. அவனுடைய விருப்பம் என்ன, உடல்நிலை என்ன, கொள்கை என்ன என்று அறிந்ததில்லை. ஆயினும் அவனுடைய உழைப்பை இன்று ஈடு வைக்கிறான். ஒற்றிக்கு விட்ட நிலம் மீளும் வரையில் அதன் விளைச்சல் பிறருக்கு. வாழ்நாளை ஒற்றிக்கு விட்டால்?

ஆலையிலே அநீதி நடக்கிறது, சங்கம் அழைக்கிறது. அலுவலகத்திலே மேலாளர் சாதி பார்த்துப் பேசுகிறார். எழுந்து நின்று கேட்க நெஞ்சு துடிக்கிறது. அப்போது காதோரம் ஒரு குரல்: “ஐந்தாம் தேதி தவணை!” எழுந்தவன் அமர்கிறான். தவணை தொண்ணூறு நாள் தவறினால் கடன் வாராக்கடன் ஆகும். 2002 ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டப்படி அறுபது நாள் அறிவிப்பு தந்து, நீதிமன்றத்தில் வழக்குத் தொடராமலே வீட்டை எடுத்து ஏலம் விட வழியுண்டு. இது தெரிந்தவன் வாய் திறப்பானா? அவனைக் கோழை என்று ஏசாதீர்கள். அவனுடைய துணிவு கோழைத்தனத்தால் போகவில்லை. தவணை தவணையாகப் போயிற்று. கடனின் முழு விலையில் இந்த மௌனத்தையும் சேர்த்து எழுத வேண்டும். எந்த வங்கியின் தாளிலும் அதற்கென ஒரு வரி இராது.

இன்னொன்று. கணவனோடு மனைவியும் ‘இணைக் கடன்தாரர்’ என்று கையெழுத்திடுகிறார். எத்தனை இல்லங்களில் அவருக்கு முழுக் கணக்கும் விளக்கப்படுகிறது? “இங்கே போடு, அங்கே போடு” என்று விரலால் சுட்டிக்காட்டப்படுகிறது. கடனில் சரிபாதி, கணக்கில் பங்கில்லை! பெண்ணுரிமை பேசும் நம் தோழர்கள் அதைத் தம் வீட்டு மேசையில் இருந்து தொடங்கட்டும்.

மனை வாங்க நாள் பார்க்கிறோம். வாயில் வைக்கத் திசை பார்க்கிறோம். அடுக்களை தென்கிழக்கில் இருக்கிறதா என்று அறிய வாஸ்துக்காரருக்குத் தட்சிணை தருகிறோம். வாயில் வடக்கே இருந்தாலும் தெற்கே இருந்தாலும் வட்டி ஒன்பதுதான்! நல்ல நேரத்தில் கையெழுத்திட்ட கடனுக்கு ஒரு காசு குறைவதில்லை. திசை பார்ப்பதற்குச் செலவிட்ட நேரத்தில் பாதியைத் தவணை அட்டவணை பார்க்கச் செலவிட்டிருந்தால் இலட்சங்கள் மிஞ்சியிருக்கும்.

எனவே செய்ய வேண்டியது என்ன?

கேளுங்கள். “மாதம் எவ்வளவு?” என்பதற்கு முன் “மொத்தம் எவ்வளவு?” என்று கேளுங்கள். 2024 அக்டோபர் 1 முதல் அளிக்கப்படும் புதிய தனிநபர் கடன்களுக்கு, எல்லாச் செலவும் சேர்ந்த ஆண்டு விகிதத்தையும் தவணை அட்டவணையையும் காட்டும் முக்கிய விவர அறிக்கை ஒன்றைத் தர வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் விதி. அது கடன் வாங்குபவருக்குப் புரியும் மொழியில் இருக்க வேண்டும் என்பதும் விதி. தமிழில் கேளுங்கள்! தமிழ் வாழ்க என்று மேடையில் முழங்கிவிட்டுப் புரியாத ஆங்கிலத்தில் கையெழுத்திடுவது எவ்வகை மொழிப்பற்று?

வட்டி ஏறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்று தேர்ந்தெடுக்கும் வாய்ப்பைக் கடனாளிக்குத் தர வேண்டும் என 2023 ஆகஸ்டில் விதி வந்தது. அந்த வாய்ப்பைக் கேட்டுப் பெறுங்கள். தனிமனிதர் வாங்கிய மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டித் தீர்த்தால் வங்கிகள் தண்டம் வாங்கக் கூடாது என்பது 2012 முதல் நடைமுறை. நம் நண்பரின் கடனில் முதலாண்டு முடிவில் ஒரே ஓர் இலட்சம் கூடுதலாகக் கட்டினால், கடைசியில் ஏறத்தாழ 19 தவணைகள், அதாவது ஐந்து இலட்சத்துக்கு மேல், குறைந்துவிடும். ஊர் மெச்சச் செய்யும் விருந்துச் செலவை அங்கே திருப்புங்கள். கட்ட முடிந்த அளவுக்கு வீடு வாங்குங்கள். கண்டவர் வியக்கும் அளவுக்கு வேண்டாம்.

இவை தனிமனிதன் செய்யக்கூடியவை. சமுதாயம் செய்ய வேண்டியதும் உண்டு. 1961 இல் வீட்டு வசதி வாரியமும், 1970 இல் குடிசை மாற்று வாரியமும் அமைந்தது எதனால்? கூரை என்பது அவனவன் தலைவிதி என்று விட்டுவிடலாகாது, அது பொதுக்கடமை என்ற எண்ணத்தால்தான். சாதி கேளாத வாடகை வீடும், எளியோர்க்கு எட்டும் விலையில் மனையும் கிடைத்தால், மானம் தேடி முப்பது ஆண்டுக் கடனில் விழுவோர் குறைவர். அந்தக் கோரிக்கையை நாம் கைவிடலாகாது.

விழா முடிந்து சில நாள் கழித்து நண்பர் நம்மிடம் வந்தார். கையில் தவணை அட்டவணை. உடன் அவர் துணைவியார். இருவரும் இரவெல்லாம் அமர்ந்து கணக்குப் போட்டிருந்தனர். “பதினைந்து ஆண்டில் முடித்துவிடுவதென்று தீர்மானித்திருக்கிறோம்” என்றார் அம்மையார். நண்பரின் முகத்தில் விழாவன்று கண்ட பூரிப்பு இல்லை. ஆனால், தன் வீட்டின் விலை தெரிந்த மனிதனின் தெளிவு இருந்தது.

அந்தத் தெளிவோடு வீடு வாங்குங்கள், தோழர்களே! கதவு உங்களுடையதாகட்டும், அதைத் திறந்து வெளியே வந்து நியாயம் கேட்கும் துணிவும் உங்களுடையதாகவே இருக்கட்டும்.