தூக்கத்துக்குக் காவல்

'கொயட் பிளீஸ்!' 1945 டிசம்பரில் வெளிவந்த டாம் அண்ட் ஜெர்ரி படம். வில்லியம் ஹன்னா, ஜோசப் பார்பெரா இருவரும் எம்ஜிஎம் நிறுவனத்தில் இயக்கியது. முழுதாக 8 நிமிடம்கூட ஓடாது. ஸ்பைக் என்ற நாய்க்குத் தூக்கம் வேண்டும். கதை அவ்வளவுதான்.

*

பூனை டாமும் எலி ஜெர்ரியும் போடும் ரகளையில் ஸ்பைக் விழித்துக்கொள்கிறான். இன்னொரு சத்தம் கேட்டால் தோலை உரித்துவிடுவதாக டாமை மிரட்டிவிட்டு மறுபடி படுத்துக்கொள்கிறான். வீட்டின் அமைதி இனி டாமின் தலையில். ஜெர்ரிக்கு அது நொடியில் விளங்கிவிடுகிறது. துப்பாக்கியை வெடிக்கப் பார்க்கிறான். டாம் அதன் குழலுக்குள் விரலை விட்டு அடைக்கிறான். ஜெர்ரி மின்விளக்குகளைத் தூக்கிப் போடுகிறான். டாம் ஓடியோடி ஏந்துகிறான்.

*

அமைதியைக் கேட்டவன் குறட்டை விடுகிறான். அதைக் காப்பவனுக்கோ மூச்சுவிட நேரமில்லை. எத்தனை முறை பார்த்தாலும் என் கண் டாமை விட்டு நகர்வதில்லை.

*

படத்துக்கு இசை ஸ்காட் பிராட்லி. சத்தமே கூடாது என்கிற கதைக்கு ஒரு முழு இசைக்குழு வாசிக்கிறது. ஸ்பைக்குக் கேட்காத அந்த இசை நமக்குக் கேட்கிறது. டாமின் நெஞ்சு படபடப்பதைத்தான் நாம் இசையாகக் கேட்கிறோம் என்று நினைக்கிறேன். வெளியே நிசப்தம், உள்ளே பேரிரைச்சல்.

*

கோபக்காரர் உறங்கும் வீட்டில் குழந்தைகள் நுனிக்காலில் நடப்பார்கள். பார்ப்பவர்களுக்கு அது அமைதியான வீடு. பயத்தால் வாயடைத்துப்போன வீடு என்பது அந்தக் குழந்தைகளுக்குத் தெரியும்.

*

இந்தப் படத்துக்கு ஆஸ்கர் கிடைத்தது. டாம் அண்ட் ஜெர்ரிக்குத் தொடர்ந்து மூன்றாவது ஆண்டாக வந்த விருது அது. கடைசிக் காட்சியில் ஸ்பைக் சுகமாக உறங்குகிறான். உடம்பெல்லாம் கட்டுப் போட்டுக்கொண்ட டாம் அவனைத் தாலாட்டுகிறான். அரங்கம் சிரித்திருக்கும். எனக்கும் சிரிப்பு வருகிறது, கூடவே வருத்தமும்.

*

அமைதி வேண்டுமென்று நாம் கதவைச் சாத்திக்கொண்டு உட்காரும்போது, சமையலறையில் யாரோ பாத்திரத்தை ஓசைப்படாமல் வைக்கிறார்கள். அழும் குழந்தையை யாரோ மாடிக்குத் தூக்கிப் போகிறார்கள். நம் தியானத்தில் பாதி அவர்கள் செய்வது.

கதவைச் சாத்துமுன் அவர்களிடம் கேட்க வேண்டியது ஒன்று உண்டு: உங்களுக்கு எப்போது அமைதி வேண்டும்? அந்த நேரத்தில் பாத்திரமும் குழந்தையும் என் பொறுப்பு.