சந்தேகத்துக்கும் சாட்சி வேண்டும்

1968 டிசம்பர் 25 இரவு, அன்றைய ஒன்றுபட்ட தஞ்சை மாவட்டத்தின் கீழவெண்மணியில், தாக்க வந்தவர்களுக்குப் பயந்து ஒரே குடிசைக்குள் ஒதுங்கிய 44 பேர் எரித்துக் கொல்லப்பட்டார்கள். பெரும்பாலும் பெண்கள், குழந்தைகள், முதியவர்கள். தலித் விவசாயக் கூலிக் குடும்பங்கள். களத்தில் கூலியாக அளக்கிற நெல்லில் கொஞ்சம் கூட்டிக் கேட்டதும், மிராசுதார்களின் நெல் உற்பத்தியாளர் சங்கம் மிரட்டியும் செங்கொடியை இறக்க மறுத்ததும்தான் அவர்கள் செய்த குற்றம். வழக்கில் 23 பேர் மீது குற்றம் சாட்டப்பட்டது. 1970இல் நாகப்பட்டினம் செஷன்ஸ் நீதிமன்றம், அந்தச் சங்கத்தின் தலைவர் கோபாலகிருஷ்ண நாயுடு உள்ளிட்ட 8 பேருக்குச் சிறைத்தண்டனை விதித்து, மற்றவர்களை விடுவித்தது. 1973இல் சென்னை உயர் நீதிமன்றம் அந்த 8 பேரையும் விடுதலை செய்தது. குற்றம் சாட்டப்பட்டவர்கள் அத்தனை பேரும் மிராசுதார்களாக இருப்பது வியப்பாக இருக்கிறது, அவர்கள் செல்வந்தர்கள், முதல் எதிரியிடம் காரே இருக்கிறது, இப்படிப்பட்டவர்கள் வேலையாட்களை ஏவிவிட்டுப் பின்னால் இருப்பார்களே தவிரத் தாமே நடந்து வந்து தீ வைப்பார்கள் என்று நம்புவது கடினம் என்ற கருத்து அந்தத் தீர்ப்பில் இருக்கிறது.

இந்தத் தீர்ப்பைத் திட்டுவது எளிது. ஐம்பது ஆண்டுகளாகத் திட்டிக்கொண்டுதான் இருக்கிறோம். அது எந்த வகையான தவறு என்பதுதான் யோசிக்க வேண்டிய விஷயம். அதற்கு உதவும் அளவுகோல் பக்கத்திலேயே உண்டு. காவிரி டெல்டாவின் சைவ மடங்கள் தலைமுறை தலைமுறையாகப் பாடம் சொல்லிவரும் சித்தாந்த நூலான சிவஞான சித்தியார் அளவையில், அதாவது அறியும் வழிகளில்தான் தொடங்குகிறது. ஒன்றை எப்படி அறிகிறோம்? கண்டு அறிகிறோம், கருதி அறிகிறோம், நம்பத்தக்கவர் உரையால் அறிகிறோம். கருதலுக்கு ஒரு நிபந்தனை உண்டு: புகை உள்ள இடமெல்லாம் நெருப்பு உண்டு என்பதுபோல, விலகாத உடனிகழ்ச்சி இருக்க வேண்டும். காருள்ளவர் தம் கையால் குற்றம் செய்யமாட்டார் என்பதில் அப்படி என்ன உடனிகழ்ச்சி இருக்கிறது? ஒரே ஒரு மாற்று உதாரணம் போதும், அது உடைந்துவிடும். அப்படியே ஏற்றாலும், ஏவியவன் நிரபராதி ஆகிவிடுவானா என்ற கேள்வி மிச்சம் இருக்கிறது. ஆக, நடந்ததைப் பார்த்தேன் என்று கூண்டில் ஏறிச் சொன்னவர்களின் உரையை எதிர்த்து நின்றதில், யாரும் சத்தியம் செய்து சொல்லாத, யாரும் குறுக்கு விசாரணை செய்யாத ஓர் ஊகமும் இருந்தது. சாட்சியைச் சோதிக்கிற நீதிமன்றம் தன் சந்தேகத்தைச் சோதிக்காமல் விட்டது. தர்க்க மரபான நியாய சாஸ்திரம் ஐயத்தைத் தனிப் பொருளாகவே வைத்து, அது எந்தெந்தக் காரணத்தால் எழலாம் என்று வரையறுக்கிறது. காரணம் காட்ட முடியாத ஐயத்துக்கு அங்கே இடமில்லை.

இதற்கு மறுப்பு உண்டு, அது லேசானதும் அல்ல. இருட்டு, கூட்டம், அலறல், சாட்சிகள் எல்லாரும் ஒரே கட்சிக்காரர்கள், முன்பகையோ ஊரறிந்தது. இப்படிப்பட்ட சாட்சியத்தை நம்பி ஒருவரைச் சிறைக்கு அனுப்பலாமா? அடையாளம் காட்டியதில் பிழை இருந்தால், அந்தப் பிழையின் பலன் அந்த எதிரிக்குப் போகத்தான் வேண்டும். ஆனால் அந்தச் சலித்தெடுக்கும் வேலையை நாகப்பட்டினம் நீதிமன்றமே செய்திருந்தது. 23 பேரில் 15 பேர் வெளியே வந்தது அதனால்தானே. ஒரு சாட்சி ஓரிடத்தில் பிசகினால் அவர் சொன்னது அத்தனையும் பொய் என்ற விதி இந்தியச் சட்டத்தில் இல்லை என்று உச்ச நீதிமன்றம் பலமுறை சொல்லியிருக்கிறது. சுயேச்சையான சாட்சி எங்கே என்ற கேள்வியையும் டெல்டாவின் மண்ணில் வைத்துத்தான் கேட்க வேண்டும். ஊர் ஒரு பக்கம், சேரி வயல்களுக்கு அந்தப் பக்கம். சேரியில் தீ விழுந்தால் அங்கே இருப்பவர்கள் பாதிக்கப்பட்டவர்களும் தீ வைத்தவர்களும்தான். இவர்கள் இருவரும் அல்லாத மூன்றாமவர் வேண்டுமென்றால், மிராசுதாரின் நிலத்தை நம்பிப் பிழைக்கிற ஊர்க்காரர் ஒருவர் அவருக்கு எதிராகக் கூண்டேற வேண்டும். அப்படி ஒருவரை எதிர்பார்ப்பது, சாட்சியே வேண்டாம் என்பதற்குச் சமம்.

அப்படியானால் தலித் சாட்சிக்கு மட்டும் அளவுகோலைத் தளர்த்தச் சொல்கிறீர்களா என்பது அடுத்த கேள்வி. இல்லை. சாட்சிக்குச் சாதி பார்த்த அளவுகோல் ஒன்று நம்மிடம் ஏற்கெனவே இருந்தது. மனு ஸ்மிருதியின் எட்டாம் அத்தியாயம் இன்ன வருணத்தாருக்கு இன்ன வருணத்தார் சாட்சி என்று வகுத்துவைத்தது. அதே மரபுக்குள்ளிருந்து நியாய சூத்திரத்துக்கு உரை எழுதிய வாத்ஸ்யாயனர், நம்பத்தக்கவர் யார் என்று சொல்லும்போது அந்த இலக்கணம் ரிஷிக்கும் ஆரியருக்கும் மிலேச்சருக்கும் ஒன்றே என்கிறார்: விஷயத்தை நேரில் அறிந்திருக்க வேண்டும், அறிந்தபடி சொல்லும் விருப்பம் வேண்டும், அவ்வளவுதான். எனக்கு வேண்டியதும் அந்த ஒரே அளவுதான். கூலியாளின் வறுமை பொய்க்குக் காரணமாகலாம் என்றால், மிராசுதாரின் சொத்தும் பொய்க்குக் காரணமாகலாம். ஒன்றைக் கணக்கில் எடுத்து மற்றதை விடுவது ஐயம் ஆகாது, பழக்கம்.

பொய் வழக்குகள் பற்றிய அச்சமும் இன்று இதே இடத்தில்தான் தடுமாறுகிறது. 2018 மார்ச்சில் உச்ச நீதிமன்றம், தலித், பழங்குடி மக்களைப் பாதுகாக்கும் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் தவறாகப் பயன்படுகிறது என்று கருதிக் கைதுக்கு முன் நிபந்தனைகள் விதித்தது. நாடாளுமன்றம் அதே ஆண்டு சட்டத்தைத் திருத்தியது, 2019 அக்டோபரில் நீதிமன்றமே அந்த உத்தரவுகளைத் திரும்பப் பெற்றது. பொய்ப் புகார் எல்லாச் சட்டத்திலும் வரும். ஒரு புகார் பொய்யென்றால் அந்த வழக்கின் ஆதாரத்தைக் கொண்டுதான் அதைக் காட்ட வேண்டும், புகார் கொடுத்தவர் எந்தச் சாதி என்பதைக் கொண்டு அல்ல. வெண்மணித் தீர்ப்பு வந்த அதே 1973இல், வேறொரு கொலை வழக்கில், நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் சந்தேகத்தின் பலன் என்ற விதியைப் பூஜிக்கத் தொடங்கினால் குற்றவாளிகள் தப்புவதும் நீதி பிறழ்வதே என்று எச்சரித்தார். அந்த எச்சரிக்கை வெண்மணிக்கு உதவவில்லை. 44 பேரைக் கொளுத்திய குற்றத்துக்குச் சட்டத்தின் பதிவேட்டில் குற்றவாளி என்று இன்றுவரை ஒருவர் பெயர்கூட நிலைக்கவில்லை.