தந்தையின் தோல்வி யார் கடன்?

தந்தை பட்ட அவமானத்தைத் துடைப்பது மகனின் கடமை என்று யோசிக்காமலே சொல்லிவிடுகிறோம். பல்லவர் கதை அந்தச் சொல்லை நிறுத்திக் கேள்வி கேட்கிறது.

முதலாம் மகேந்திரவர்மன் காலத்தில் சாளுக்கியன் இரண்டாம் புலிகேசி காஞ்சியை நெருங்கினான். பல்லவனை மதிலுக்குள் ஒடுங்க வைத்ததாக 634ஆம் ஆண்டின் ஐகொளேக் கல்வெட்டு பெருமைப்படுகிறது. புலிகேசி மறுபடி வந்தபோது மகேந்திரனின் மகன் நரசிம்மவர்மன் மணிமங்கலத்தில் அவனைத் தோற்கடித்தான். வந்த படையைத் தடுப்பது காவலன் கடன். அதில் குறை சொல்ல இடமே இல்லை. ஆனால் அவன் அங்கே நிற்கவில்லை. 642 வாக்கில் சாளுக்கியத் தலைநகர் வாதாபி அவன் கையில் விழுந்தது. அசுரன் வாதாபியை அழித்த அகத்தியரோடு கூரம் செப்பேடு அவனை ஒப்பிடுகிறது.

இனிப் பகைவன் தலையெடுக்கக் கூடாது என்பதற்காகவே அது நடந்தது என்று வாதிடலாம். நடந்தது வேறு. புலிகேசிக்கும் ஒரு மகன் இருந்தான். முதலாம் விக்கிரமாதித்தனின் படை 674இல் காவிரிக்கரை வரை வந்து நின்றது. அவனும் தந்தைக்காகத்தான் வந்தான். இரு மகன்களின் நியாயமும் ஒன்றே. ஊரை இழந்த மக்களுக்கு அந்த நியாயத்தில் பங்கில்லை.

நரசிம்மனுக்குத் தந்தை விட்டுச்சென்றது பகை மட்டுமல்ல. செங்கல், மரம், உலோகம், சுதை இன்றிக் கோயில் எடுத்ததாக மண்டகப்பட்டில் பொறித்தவன் மகேந்திரன். செங்கல்பட்டுக்கு அருகே வல்லத்துக் குடைவரையில் அவன் பட்டப்பெயர்கள் இருக்கின்றன. அவன் தூண்கள் தடித்தவை, சதுரமானவை, அலங்காரம் குறைந்தவை. மாமல்லபுரத்தில் தூணடியில் சிங்கம் வந்து அமர்கிறது. குடைவதோடு நில்லாமல், பாறையை வெளியிலிருந்தே செதுக்கி இரதங்களாக்கினார்கள். இவற்றை நரசிம்மன் காலத்தவை என்றே ஆய்வாளர் பலர் கருதுகிறார்கள். தந்தையைப் போல் செய்யாமல், தந்தை தொடங்கியதை வளர்த்த வேலை இது. பிள்ளைக்கடன் என்றால் இதைத்தான் சொல்ல வேண்டும். இதற்காக எந்த ஊரும் அழியவில்லை.

வாதாபி விழுந்து சுமார் 100 ஆண்டுகள் கழித்து, சாளுக்கியன் இரண்டாம் விக்கிரமாதித்தன் காஞ்சியைப் பிடித்தான். வாதாபிக்குப் பழி தீர்க்க எல்லா வாய்ப்பும் அவனுக்கு இருந்தது. அவன் நகரை அழிக்கவில்லை. கைலாசநாதர் கோயிலின் செல்வத்தைப் பார்வையிட்டு, கோயிலுக்கே திருப்பிக் கொடுத்தான். அதைச் சொல்லும் கன்னடக் கல்வெட்டு அந்தக் கோயிலிலேயே இருக்கிறது. போர் அத்துடன் ஓய்ந்துவிடவில்லை. அவன் மகன் கீர்த்திவர்மனும் பல்லவர்மேல் படையெடுத்தான். ஆனாலும் புலிகேசியின் வழிவந்தவர்களில் முன்னோரின் தோல்வியை மனிதத்தன்மையோடு சுமந்தவன் இரண்டாம் விக்கிரமாதித்தன்தான்.