கண்ணுக்கும் உரிமை உண்டு

  

முன்பெல்லாம் பெரிய வீடியோ கேம் விளையாட டிவியும் கன்சோல் என்ற தனிக் கருவியும் வேண்டும். இன்று அது சட்டைப் பைக்குள் வந்துவிட்டது. 2017-ல் கம்ப்யூட்டருக்கு வந்த பப்ஜி, 2018-லேயே செல்போனுக்கு வந்தது. 2020 செப்டம்பரில் நம் அரசு அதைத் தடை செய்தது. 2021-ல் பிஜிஎம்ஐ என்ற பெயரில் மறுபடியும் வந்தது. ஆகவே, பூட்டு நம் வீட்டில்தான் இருக்க வேண்டும்.

இப்படிப்பட்ட விளையாட்டை ஓட்டினால் போன் கொதிக்கும். கன்சோலுக்குள் ஃபேன் உண்டு. பெரும்பாலான போன்களில் இல்லை. அதனால் சூடு ஏறியதும் போன் தன் வேகத்தைத் தானே குறைத்துக்கொள்கிறது. உயிரில்லாத கருவி தன் எல்லையில் நிற்கிறது. நாம் நிற்கிறோமா?

பட்டாசு ஆலைக்கு வேலைக்குப் போகும் ஒரு தம்பி என்னிடம் சொன்னார்: "ஹஜ்ரத், ராத்திரி மூணு மணி வரைக்கும் விளையாடிட்டேன். காலையில மருந்து கலக்குற இடத்துல கண்ணு சொக்கிருச்சு. பக்கத்துல இருந்த அண்ணன் தோளைத் தட்டி எழுப்புனாரு."

சகோதரர்களே! சிறு உராய்வு போதும் என்பது ஆலங்குளத்தில் யாருக்குத் தெரியாது? அன்று தவறியது அவருடைய பஜ்ர் மட்டுமல்ல. தோளைத் தட்டியவரின் உயிரும், அவர் பிள்ளைகளின் சோறும் அந்தத் தூக்கக் கண்ணில்தான் இருந்தன.

அபூதர்தா (ரலி) அவர்கள் இரவெல்லாம் நின்று வணங்க எழுந்தபோது, ஸல்மான் (ரலி) அவர்கள் தூங்கச் சொன்னார்கள். இரவின் கடைசியில் இருவரும் சேர்ந்து தொழுதார்கள். இறைவனுக்கும், உடலுக்கும், குடும்பத்துக்கும் உரிமை உண்டு என்று ஸல்மான் சொன்னதை நபி (ஸல்) அவர்கள் உண்மை என்றார்கள். கண்ணுக்கும் உரிமை உண்டு என்று அப்துல்லாஹ் பின் அம்ர் (ரலி) அவர்களுக்கு நபியவர்களே சொன்னார்கள். இரண்டும் புகாரியில் உள்ளன. வணக்கத்துக்காகக்கூட உடலின் உரிமையைப் பறிக்கக் கூடாது என்றால், விளையாட்டுக்காகப் பறிக்கலாமா?

விளையாட்டே ஹராம் என்று நான் சொல்லவில்லை. நபியவர்கள் ஆயிஷா (ரலி) அவர்களோடு ஓட்டப் பந்தயம் ஓடினார்கள். பெருநாளன்று அபிசீனியர்கள் பள்ளிவாசலில் ஈட்டி விளையாடியதை ஆயிஷாவுக்குக் காட்டினார்கள். அந்த விளையாட்டுகள் எந்தத் தொழுகையையும், யாருடைய தூக்கத்தையும் தின்னவில்லை.

எனவே இன்றிரவே ஒரு வழக்கத்தை ஆரம்பிப்போம். இஷா தொழுததும் வீட்டிலுள்ள எல்லாப் போன்களும் கூடத்தில் ஓரிடத்துக்குப் போகட்டும். அத்தாவின் போன் முதலில் போகட்டும். பிள்ளையின் போன் தானாகப் பின்னால் வரும். இதை எழுதும் நானும் என் போனை அங்கேதான் வைக்கப் போகிறேன்.

வல்ல ரஹ்மான் நம் இரவுகளில் பரக்கத்தையும், நம் பிள்ளைகளுக்குப் பாதுகாப்பையும் தந்தருள்வானாக! ஆமீன்.